பல் துலக்கியதும் கடைவாய் எரிகிறதே!

கேள்வி: பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறைக்கு அருகில் வசிக்கிறேன். மார்கழி பிறந்ததிலிருந்து, பல் துலக்கி முடித்தவுடன் வலது கடைவாயும் அதற்குக் கீழே மோவாய் வரையிலும் சிவந்து எரிகிறது. தோலும் சொரசொரப்பாகி உரிகிறது. பற்பசை ஒத்துக்கொள்ளவில்லை என்று கூறி மாமியார் உமிக்கரிக்கு மாறச் சொல்கிறார். முன்பு அரிப்புக்காக வாங்கிய களிம்பு வீட்டில் மீதமிருக்கிறது. அதைத் தடவலாமா?
– வாசகி ஒருவர்

பதில்: அந்தக் களிம்பைத் தடவாதீர்கள், சகோதரி. கடையில் கேட்டு வாங்கும் அரிப்புக் களிம்புகள் பலவற்றில் ஸ்டீராய்டு கலந்திருக்கும். அதை வாயைச் சுற்றித் தடவினால் நாலு நாள் அடங்கியதுபோல் இருந்து, நிறுத்தியவுடன் சிறு சிறு சிவப்புப் பருக்களாக முன்னைவிட அதிகமாகக் கிளம்பும். அப்படி வந்தவர்களைத் தேற்றுவதற்கு மாதக்கணக்கில் ஆகிவிடுகிறது.

வலது பக்கம் மட்டும் எரிகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் வலக்கைப் பழக்கமுள்ளவராக இருந்தால், காரணம் பெரும்பாலும் அதிலேயே இருக்கிறது. பிரஷ்ஷின் கழுத்து அந்தக் கடைவாயில்தான் உரசுகிறது. நுரையும் அந்த வழியாகவே மோவாய்க்கு வழிகிறது. நுரை பொங்குவதற்காகப் பெரும்பாலான பற்பசைகளில் சேர்க்கப்படும் சோடியம் லாரில் சல்ஃபேட், தோலின் எண்ணெய்ப்பசையைக் கழுவி எடுத்துவிடும். புதினா, இலவங்கப்பட்டை வாசனைப் பொருள்களும் சிலருக்கு எரிச்சல் தரும். அத்துடன் மார்கழி, தை மாதங்களில் பாலக்காட்டுக் கணவாய் வழியாக வீசும் வறண்ட காற்று உங்கள் ஊர்க்காரர்களின் உதட்டை எப்படி வெடிக்கச் செய்யும் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. ஏற்கெனவே உலர்ந்த தோலில் நுரை காய்ந்து, வெள்ளைக் கோடாக நின்றால் எரியாமல் என்ன செய்யும்?

ஆகவே, துலக்குவதற்கு முன் கடைவாயிலும் மோவாயிலும் வாசலினை மெல்லியதாகத் தடவிக்கொள்ளுங்கள். பட்டாணி அளவு பசை போதும். பிரஷ் மென்மையான நாருள்ளதாக இருக்கட்டும். தொட்டியின் மேல் குனிந்து துலக்கி, கொப்பளித்த பிறகு வாயைச் சுற்றி வெறும் தண்ணீரால் கழுவி, துண்டால் தேய்க்காமல் ஒற்றி எடுத்து, மறுபடியும் கொஞ்சம் வாசலின் தடவுங்கள். முகம் கழுவுவதைப் பல் துலக்கிய பிறகு வைத்துக்கொள்வது இன்னும் நல்லது. இரண்டு வாரத்தில் குறையவில்லையென்றால், மேற்சொன்ன நுரைப்பொருள் இல்லாத, காரமில்லாத, ஆனால் ஃப்ளோரைடு உள்ள பசைக்கு மாறிப் பாருங்கள்.

உமிக்கரி நுரைக்காது என்பது உண்மைதான். ஆனால் அதன் கரகரப்பு நாளடைவில் பல்லின் எனாமலைத் தேய்த்து ஈறையும் புண்ணாக்கும். பல்லைச் சொத்தையிலிருந்து காக்கும் ஃப்ளோரைடும் அதில் இல்லை. மாமியாரின் அக்கறையை மதித்தே இதைச் சொல்கிறேன்.

இரண்டு கடைவாயும் வெடித்து ஆறாமல் இருந்தால், அது பூஞ்சைத் தொற்றாகவோ இரும்புச்சத்து, பி வைட்டமின் குறைவாகவோ இருக்கலாம் என்பதால் மருத்துவரிடம் காட்டுங்கள். நீர்க் கொப்புளமோ சீழோ கண்டாலும் அப்படியே. உதடு வீங்கி மூச்சுத் திணறினால் அந்த நிமிடமே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். போகும்போது பற்பசையின் அட்டைப்பெட்டியையும் அந்தப் பழைய களிம்பையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள். அவற்றில் அச்சிட்டிருப்பதைப் படித்தால் மருத்துவருக்குப் பாதி விவரம் கிடைத்துவிடும்.