50 லட்சம் கடன் வாங்கினால் கடைசியில் எவ்வளவு கட்டியிருப்போம்?

கேள்வி: நானும் மனைவியும் அட்டனுக்குப் பக்கத்தில் 20,000 ரூபாய் வாடகையில் குடியிருக்கிறோம். எனக்கு 39 வயது, அரசாங்கப் பாடசாலை ஆசிரியர். மனைவி ஒரு தேயிலைத் தொழிற்சாலை அலுவலகத்தில் வேலை செய்கிறார். போன வருடம் நல்ல உறுதிப் பத்திரத்தோடு 10 பேர்ச்சஸ் காணி வாங்கினோம், கொஞ்சம் சரிவான இடம். வீடு கட்ட வங்கியில் 50 லட்சம் கேட்டிருக்கிறோம். 12 வீத வட்டி, 20 வருடம், மாதம் 55,054 ரூபாய் என்றார்கள். 25 வருடமாக எடுத்தால் 52,661 ரூபாய்தானாம். தவணை குறைவாக வருவதையே எடுக்கலாமா? இந்த வீட்டுக்கு உண்மையில் எவ்வளவு கொடுக்கப்போகிறோம்?

பதில்: முதலில் ஒரு சந்தோஷத்தைச் சொல்லிவிடுகிறேன். லயத்தில் பிறந்து வளர்ந்த எத்தனையோ குடும்பங்களுக்கு இந்தக் கேள்வியைக் கேட்கும் நிலையே இன்னும் வரவில்லை. உறுதி இல்லாத காணியைப் பொதுவாக வங்கிகள் ஈடாக எடுக்காது. உங்கள் கையில் உறுதி இருக்கிறது. அதை ஈடு வைக்கப் போகிறீர்கள் என்பதால்தான் இந்தக் கணக்கை நிதானமாகப் பார்க்கச் சொல்கிறேன்.

55,054 ரூபாயை 240 மாதம் கட்டினால் மொத்தம் 1 கோடியே 32 லட்சத்துக்குக் கொஞ்சம் மேல். வாங்கியது 50 லட்சம், வட்டி 82 லட்சம். 25 வருடம் என்றால் மொத்தம் கிட்டத்தட்ட 1 கோடியே 58 லட்சம். மாதம் 2,393 ரூபாய் குறைகிறதே என்று போனால், அதற்காகக் கூடுதலாக ஏறக்குறைய 26 லட்சம் கட்ட வேண்டும். எதிர்ப்பக்கம் போய்ப் பாருங்கள்: அதே 50 லட்சத்தை 15 வருடத்தில் முடித்தால் தவணை 60,008, மொத்தம் 1 கோடியே 8 லட்சம். மாதம் 5,000 ரூபாயைக் கூடக் கட்டினால் 24 லட்சம் மிச்சம்.

25 வருடம் உங்களுக்கு வேண்டவே வேண்டாம். வட்டிக் கணக்கை விட்டாலும், நீங்கள் 60 வயதில் ஓய்வு பெறுவீர்கள். 25 வருடக் கடன் 64 வயது வரைக்கும் வரும். சம்பளம் நின்று ஓய்வூதியம் வாங்கும் காலத்தில் நாலு வருடம் தவணை கட்டும் நிலைமையை இப்போதே ஏன் ஒப்புக்கொள்ள வேண்டும்?

இவ்வளவு பெரிய வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்று புரிந்தால்தான் மற்றதெல்லாம் புரியும். வங்கியில் தவணை அட்டவணை ஒன்றை அச்சடித்துத் தரச் சொல்லுங்கள், 240 வரியும் வேண்டும் என்று கேளுங்கள். முதல் வரி இப்படி இருக்கும்: தவணை 55,054, வட்டி 50,000, முதலுக்கு, அதாவது வாங்கிய கடனுக்கு, 5,054. இரண்டாவது வரியில் வட்டி 49,949, முதலுக்கு 5,105. அதாவது மாதம் முழுக்க உழைத்து 55,000 கட்டி, கடனில் குறைவது ஐயாயிரம் சொச்சம். ஒரு வருடம் முடியும்போது 6 லட்சத்து 60 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், கடன் 64 ஆயிரம்தான் குறைந்திருக்கும். பத்து வருடம் முடியும்போது 66 லட்சம் கட்டியாகிவிட்டது, மீதிக் கடன் இன்னும் 38 லட்சம். தவணையில் முதலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவது 172ஆவது மாதத்தில். கடன் பாதியாகக் குறைய 15 வருடம் ஆகும்.

நகை அடகு வைத்தவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். வட்டியை மட்டும் கட்டிக்கொண்டே போனால் நகை மீளாது. வீட்டுக் கடனின் முதல் சில வருடங்கள் கிட்டத்தட்ட அப்படித்தான். வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்கு அர்த்தமில்லை. மீதியிருக்கும் கடனுக்குத்தான் வட்டி போடுகிறார்கள், ஆரம்பத்தில் மீதி அதிகம், வட்டியும் அதிகம். ஆனால் இதிலேயே உங்களுக்குச் சாதகமான ஒரு வழியும் இருக்கிறது. ஆரம்பத்தில் முதலைக் குறைக்கும் ஒவ்வொரு ரூபாயும் பல வருட வட்டியைத் தடுத்துவிடும். முதல் வருட முடிவில் சீட்டுப் பணமோ, சேமிப்போ, எப்படியோ ஒரு 2 லட்சத்தைக் கூடுதலாகக் கட்டினீர்கள் என்று வையுங்கள். தவணைத் தொகையை மாற்றாமல் விட்டால் கடைசியில் 30 தவணை இல்லாமலே போகும். அது 16 லட்சத்துக்கு மேல். அதே 2 லட்சத்தைப் பத்தாவது வருடம் கட்டினால் மிச்சமாவது 11 தவணைதான், 6 லட்சம் சொச்சம்.

ஆகவே இரண்டு விஷயங்களை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். இடையில் கூடுதல் பணம் கட்டினால் கட்டணம் உண்டா, உண்டென்றால் எத்தனை வீதம்? கட்டினால் குறைவது தவணைத் தொகையா, காலமா? காலம் குறைய வேண்டும் என்று நீங்களே எழுதிக் கொடுக்க வேண்டியிருக்கலாம். இந்த ஒரு வரிக்குப் பெரிய பெறுமதி உண்டு.

அடுத்தது, 12 வீதம் என்பது எத்தனை வருடத்துக்கு? இங்கேதான் நான் அதிகம் பயப்படுகிறேன். நம் நாட்டில் 20 வருடத்துக்கும் ஒரே வட்டி என்று வீட்டுக் கடன் கிடைப்பது அபூர்வம். முதல் சில வருடங்கள் நிலையான வட்டி, அதற்குப் பிறகு சந்தையோடு மாறும் வட்டி என்பதுதான் வழக்கம். மாறும் வட்டியைப் பெரும்பாலும் மத்திய வங்கி வாராவாரம் வெளியிடும் நிறையேற்றப்பட்ட சராசரி முதன்மைக் கடன்வழங்கல் வீதத்தோடு கட்டிவைப்பார்கள். வங்கிகள் தங்கள் முதல்தர வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரி வட்டி அது. வங்கிக்காரர்கள் ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர். என்பது இதைத்தான். அந்த வீதத்துக்கு மேல் இத்தனை என்று ஒப்பந்தத்தில் எழுதியிருக்கும்.

2022இன் தொடக்கத்தில் அந்த வீதம் 9க்கும் கீழே இருந்தது. அந்த வருடம் ஏப்ரலில் மத்திய வங்கி கொள்கை வட்டியை ஒரேயடியாக 7 வீதப் புள்ளிகளால் கூட்டியது. வருடம் முடிவதற்குள் ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர். 25ஐத் தாண்டிவிட்டது. பெற்றோல் வரிசையும் காஸ் வரிசையும் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது. மாறும் வட்டியில் வீட்டுக் கடன் எடுத்தவர்களுக்கு வேறொரு கஷ்டமும் வீட்டுக்குள்ளேயே நடந்தது. உங்கள் கடனுக்கே கணக்குப் போட்டால், 15 வீதத்தில் தவணை 65,839. 20 வீதத்தில் 84,941. 25 வீதத்தில் ஒரு லட்சத்தையும் தாண்டும்.

சில இடங்களில் வட்டி ஏறினாலும் தவணையைக் கூட்டாமல், காலத்தை நீட்டிக் கொடுப்பார்கள். கேட்க ஆறுதலாக இருக்கும். ஆனால் 50 லட்சத்துக்கு 13.25 வீத வட்டி மாதம் 55,208 ரூபாய். நீங்கள் கட்டுவது 55,054. புரிகிறதா? ஒன்றேகால் வீதம் ஏறினாலே, ஆரம்ப மாதங்களில் உங்கள் முழுத் தவணையும் வட்டிக்கே போதாது. 2023இல் பண்டாரவளைப் பக்கத்திலிருந்து ஒரு தம்பதி தங்கள் கடன் கூற்றை என்னிடம் காட்ட எடுத்து வந்தார்கள். ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியிருந்தார்கள். ஆனாலும் மீதிக் கடன் போன வருடத்தை விடக் கூடியிருந்தது. அந்த அக்கா பற்றுச்சீட்டுகளை ஒவ்வொன்றாக மேசையில் அடுக்கி, “எல்லாம் இருக்குதானே சேர், எது குறையுது?” என்று கேட்டார். எதுவும் குறையவில்லை. வட்டி ஏறியபோது வந்த கடிதம் ஆங்கிலத்தில் இருந்தது, அதை யாரும் அவர்களுக்கு விளக்கவில்லை, அவ்வளவுதான்.

அதனால் கடன் அனுமதிக் கடிதத்தில் இதையெல்லாம் தேடிப் பாருங்கள்: நிலையான வட்டி எத்தனை வருடம், அதற்குப் பிறகு எந்த வீதத்துக்கு மேல் எத்தனை, எத்தனை மாதத்துக்கு ஒருமுறை மாற்றுவார்கள், இதற்கு மேல் ஏறாது என்று உச்சவரம்பு இருக்கிறதா. கடிதம் புரியவில்லை என்றால் தமிழில் விளக்கச் சொல்லிக் கேளுங்கள். கேட்பதில் வெட்கம் எதற்கு? கையொப்பம் உங்களுடையது. நிலையான வட்டிக் காலம் நீளமாகக் கிடைத்தால், ஆரம்ப வட்டி அரை வீதமோ முக்கால் வீதமோ கூட இருந்தாலும் நான் அதைத்தான் எடுக்கச் சொல்வேன்.

இன்னொரு எச்சரிக்கை. யாராவது “8 வீதம்தான்” என்று மலிவாகச் சொன்னால், அது குறைந்துசெல்லும் மீதிக்கா, முழுத் தொகைக்குமா என்று கேளுங்கள். 10 லட்சத்துக்கு 5 வருடம், முழுத் தொகைக்கும் 8 வீதம் என்றால், குறைந்துசெல்லும் மீதிக்கான வட்டியாகப் பார்த்தால் அது 14 வீதத்துக்கு மேல்.

வட்டிக்கு வெளியே இருக்கும் செலவுகளையும் பார்ப்போம். உறுதியைப் பரிசோதிக்கும் சட்டத்தரணி கட்டணம், ஈட்டு முறி எழுதும் நொத்தாரிசு செலவு, மதிப்பீட்டாளர், கடன் செயலாக்கக் கட்டணம் என்று வரிசையாக வரும். இவற்றின் மொத்தத்தை முன்கூட்டியே எழுதி வாங்கிவிடுங்கள். காப்புறுதியில் மட்டும் கொஞ்சம் நில்லுங்கள். கடன் குறையக் குறையக் காப்புத்தொகையும் குறையும் ஆயுள் காப்புறுதி ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். அது தேவைதான், உங்களுக்கு ஏதாவது ஆனால் மனைவி தலையில் கடன் விழாது. ஆனால் அதன் கட்டுப்பணத்தைக் கடனிலேயே சேர்த்துவிடச் சம்மதிக்காதீர்கள். ஒரு பேச்சுக்கு அது 2 லட்சம் என்றால், 20 வருடத்தில் 5 லட்சத்து 28 ஆயிரமாகக் கட்டுவீர்கள். முடிந்தால் கைக்காசில் கட்டிவிடுங்கள்.

வீட்டுக் காப்புறுதியில் தீ மட்டும்தானா, மண்சரிவும் வெள்ளமும் சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். நுவரெலியா மாவட்டத்தில் வீட்டுக்குத் தீயை விட மண் பெரிய பயம். 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி பதுளை மாவட்டத்து மீரியபெத்தையில் நடந்த மண்சரிவை நாம் மறக்க முடியாது. வீடு மண்ணுக்குள் போனாலும் கடன் போகாது, தவணை வந்துகொண்டேதான் இருக்கும். வரைபட அனுமதிக்குத் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு அறிக்கை தேவைப்படும். அதை ஒரு கடதாசி வேலையாக எடுக்காதீர்கள். அறிக்கையில் நிபந்தனைகள் இருக்கும்: எவ்வளவு வெட்டலாம், தண்ணீர் எந்தப் பக்கம் போக வேண்டும், எங்கே தாங்கு சுவர். உங்கள் காணி சரிவு என்கிறீர்கள். அந்தக் கருங்கல் சுவரும் வடிகானும் பலருடைய மதிப்பீட்டிலேயே இருக்காது. அப்புறம் கூரை போடும் நேரத்தில் காசு முடிந்து, கூடிய வட்டிக்கு இரண்டாவது கடன் தேடுவார்கள். சுவருக்கான செலவை முதலில் எழுதி, அதற்குப் பிறகு வீட்டின் அளவைத் தீர்மானியுங்கள். அறை ஒன்று குறைந்தால் குறையட்டும், பிறகு சேர்க்கலாம்.

கட்டுவதற்கான கடனை ஒரேயடியாகத் தரமாட்டார்கள். அத்திவாரம், சுவர், கூரை என்று கட்டம் கட்டமாக விடுவிப்பார்கள். அதுவரை எடுத்த தொகைக்கு வட்டி ஓடும், முதல் குறையாது. ஒரு வருடம் கட்டுகிறீர்கள், சராசரியாக 25 லட்சம் வெளியே நிற்கிறது என்றால் 3 லட்சம் வட்டி. வாடகை 2 லட்சத்து 40 ஆயிரம் வேறு. மழைக்காலத்தில் வேலை நின்றால் இரண்டும் நீளும். ஆகவே மே மாதத்தில் அத்திவாரம் வெட்ட ஆரம்பிக்காதீர்கள்.

வட்டியைக் குறைக்கும் வழி உங்கள் வீட்டிலேயே இருக்கலாம். அரச ஊழியர்களுக்கு ஆதனக் கடன் திட்டம் உண்டு, வட்டியில் ஒரு பகுதியை அரசு ஏற்கும். இப்போதைய எல்லையையும் தகுதியையும் வலயக் கல்வி அலுவலகத்தில் கேளுங்கள். 50 லட்சத்தில் ஒரு பகுதி அப்படிக் கிடைத்தாலும் கணக்கு மாறிவிடும். மனைவியின் ஊழியர் சேமலாப நிதியைப் பிணையாக வைத்தும் வீட்டுக் கடன் எடுக்கலாம். ஆனால் தவணை நிலுவையானால் அது அந்த நிதியிலிருந்து கழிபடும். ஓய்வு பெறும் நாளில் போய்ப் பார்த்து, மீதி இவ்வளவுதானா என்று தலையில் கைவைத்தவர்களை மலையகத்தில் நிறையக் கண்டிருக்கிறேன். அதைக் கடைசி வழியாகவே வைத்துக்கொள்ளுங்கள்.

நியாயமாக இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1 கோடியே 32 லட்சம் என்று கேட்டுப் பயந்து கடனே வேண்டாம் என்று முடிவெடுக்க வேண்டியதில்லை. 2042இல் நீங்கள் கட்டும் 55,000 ரூபாய்க்கு இன்றைய பெறுமதி இருக்காது, சம்பளமும் இதே இடத்தில் நிற்காது. வாடகையும் ஏறிக்கொண்டுதான் போகும், கடைசியில் கையில் ஒன்றும் மிஞ்சாது. வீடு கட்டுங்கள் என்றுதான் நானும் சொல்கிறேன். 20 வருடத்துக்கு எடுங்கள், அப்போதுதான் கஷ்டமான மாதத்தில் மூச்சுவிட இடம் இருக்கும். முடிந்த மாதங்களில் 60,000 கட்டி, 15 வருடத்தில் முடிக்கப் பாருங்கள்.

கையொப்பம் வைப்பதற்கு முன் ஆறு மாதம் ஒரு பரீட்சை செய்துபாருங்கள். வட்டி 15 வீதமானால் தவணை 65,839 என்று பார்த்தோமே, அதில் வாடகை 20,000 போக மீதி 46,000 ரூபாயைச் சம்பளம் வந்த அன்றே தனிக் கணக்கில் போடுங்கள். பிள்ளைகள் படிப்பு, தீபாவளி, திருவிழா, ஊரில் ஒரு மரணவீடு என்று எல்லாம் வரும். அதையும் மீறி ஆறு மாதமும் போட முடிந்தால் நீங்கள் இந்தக் கடனைத் தாங்குவீர்கள், கையில் 2 லட்சத்து 76 ஆயிரமும் சேர்ந்திருக்கும். மூன்றாவது மாதமே எடுக்க வேண்டி வந்தால், 50 லட்சத்தை 40 லட்சமாகக் குறைத்து வீட்டுப் படத்தை மறுபடி வரையச் சொல்லுங்கள்.