பாட்டியின் தட்டும் பையனின் சூப்பர் குளூவும்

போன மாதம் ஒரு வாசகிக்கு, உடைந்த பூச்சாடியைக் குப்பையில் போடுவதற்கு முன் சில்லுகளைப் பொறுக்கி ஒரு டின்னில் போட்டு வையுங்கள் என்று ஒற்றை வரியில் பதில் சொல்லியிருந்தேன். அவ்வளவுதான், சுங்கை சிப்புட் வட்டாரத்தில் எல்லார் வீட்டு அலமாரியிலும் ஏதோ ஒன்று உடைந்து கிடந்திருக்கிறது போல. கைப்பேசியில் வந்து குவிந்த படங்களைப் பார்த்துவிட்டு இந்த முறை முழுப் பக்கத்தையும் அதற்கே ஒதுக்கிவிட்டேன். சமையல் கேள்வி அனுப்பியவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம், அடுத்த மாதம் பார்த்துக்கொள்ளலாம்.

கேள்வி: ஐயா, தோட்டத்து லயத்தில் இருந்த காலத்திலிருந்து எங்கள் பாட்டி வைத்திருந்த பெரிய பீங்கான் தட்டு இது. தீபாவளிக்கு மட்டும்தான் வெளியே வரும். தாமான் குடியிருப்புக்கு வீடு மாறும்போது லாரியில் ஏழு துண்டாகிவிட்டது. என் மகன் சூப்பர் குளூ வாங்கி வந்து மூன்று துண்டுகளை ஒட்டினான், நான்காவது பொருந்தவே இல்லை. ஒட்டிய இடமும் மேடும் பள்ளமுமாக நிற்கிறது. இனி ஒன்றும் செய்ய முடியாதா?
— ஒரு வாசகி, சுங்கை சிப்புட்

பதில்: முடியும் தங்கச்சி. முதலில் பையனைத் திட்டுவதை நிறுத்துங்கள். அவன் செய்ததில் ஒரு நல்ல காரியம் இருக்கிறது: சூப்பர் குளூவை அசிட்டோன் கரைத்துவிடும். அரல்டைட் மாதிரி, இரண்டு டியூபைக் கலந்து போடும் எப்பாக்ஸிப் பசையைப் போட்டிருந்தால்தான் பிரிப்பதற்குள் உங்கள் பாடு திண்டாட்டமாகியிருக்கும்.

ஹார்ட்வேர் கடையில் அசிட்டோன் கேளுங்கள். பஞ்சை நனைத்து ஒட்டிய கோட்டின் மேல் நீளமாக வைத்து, மூடி போட்ட எவர்சில்வர் பாத்திரத்துக்குள் ஒரு ராத்திரி விட்டுவிடுங்கள். பிளாஸ்டிக் டப்பா வேண்டாம், சிலது இளகிப் பிசுபிசுத்துவிடும். அசிட்டோன் சட்டென்று தீப்பிடிக்கும், அதனால் அடுப்பு, சாமி விளக்கு, ஊதுபத்தி எதுவும் பக்கத்தில் இருக்கக்கூடாது, ஜன்னலும் திறந்திருக்க வேண்டும். காலையில் பிரியவில்லையென்றால் மறுபடி பஞ்சை நனைத்து வையுங்கள், இழுத்துப் பிரிக்காதீர்கள். பீங்கான் பசையோடு சேர்ந்து பெயர்ந்து வரும்.

பிரிந்ததும் பழைய பல் துலக்கியில் சோப்புப் போட்டு உடைந்த விளிம்பைத் தேய்த்துக் கழுவி, நன்றாகக் காயவிட்டு, கடைசியாக அசிட்டோனில் ஒரு துடைப்பு. அதற்குப் பிறகு அந்த விளிம்பில் விரல் படக்கூடாது. கை எண்ணெய் ஒன்றே போதும், பசை பிடிக்காது.

இனிதான் முக்கியமான வேலை, பசை இல்லாமல் ஒட்டுவது. சிரிக்காதீர்கள். ஏழு துண்டையும் மாஸ்கிங் டேப்பால் இழுத்துக் கட்டி முழுத் தட்டாக ஒருமுறை சேர்த்துப் பாருங்கள். எது முதலில், எது கடைசியில் என்று டேப்பிலேயே எண் எழுதிக்கொள்ளுங்கள். நான் முதன்முதலில் ஒட்டியது ஒரு தேநீர்க் கூஜா. வாயிலிருந்து ஆரம்பித்து அவசர அவசரமாக ஒட்டிக்கொண்டே போனேன். கடைசித் துண்டுக்கு இடமிருந்தது, ஆனால் உள்ளே நுழைய வழி இல்லை, பக்கத்தில் இருந்த இரண்டும் குறுக்கே நின்றன. அந்தத் துண்டு நாலு வருடம் மைலோ டின்னில் கிடந்தது. அதனால் அடியிலிருந்து ஆரம்பியுங்கள்.

அப்புறம் விரல் நகம். சேர்த்த கோட்டின் குறுக்கே நகத்தை இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம், திரும்ப அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம் மெதுவாக இழுத்துப் பாருங்கள். ஒரு திசையில் வழுக்கி மறு திசையில் தட்டினால் ஒரு துண்டு மேலே நிற்கிறது என்று அர்த்தம். கண் ஏமாறும், நகம் ஏமாறாது. மயிரிழை அளவு தப்பு முதல் பொருத்தில் இருந்தால் அது ஏழாவது துண்டுக்குப் போய்ச் சேரும்போது அரிசி தடிமன் ஆகிவிடும். உங்கள் மகனின் நான்காவது துண்டு பொருந்தாமல் போனதும் இதனால்தான். சூப்பர் குளூ சில வினாடியில் இறுகிவிடும், நகர்த்திச் சரி செய்ய நேரமே கொடுக்காது.

பசைக்கு இரண்டு டியூபாக வரும் எப்பாக்ஸி வாங்குங்கள், ஆனால் ஐந்து நிமிடத்தில் காய்வது வேண்டாம், ஒரு நாள் எடுத்துக்கொள்வதைக் கேட்டு வாங்குங்கள். சரிபாதி கலந்து, பல்குச்சி நுனியில் தொட்டு, ஒரு விளிம்பில் மட்டும் மெல்லிசாகத் தடவினால் போதும். தட்டை ஹேர் டிரையரில் லேசாகச் சூடாக்கிக்கொண்டால் பசை இளகித் தானே பரவும். எல்லாத் துண்டையும் ஒரே உட்காரலில் சேர்த்து, டேப்பை இழுத்து ஒட்டி, மறுபடி நகம். பிறகு அரிசி நிரப்பிய பேசினில் தட்டைச் செருகி நிறுத்துங்கள், துண்டின் கனமே பொருத்தை அழுத்திக்கொள்ளும். பிதுங்கி வந்த பசையை அன்றைக்கே துணியால் இழுகாதீர்கள், மறுநாள் ரப்பர் பதத்தில் இருக்கும்போது பிளேடால் சீவினால் சுத்தமாக வந்துவிடும். எப்பாக்ஸி வருடக்கணக்கில் மஞ்சளாகும், அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். மஞ்சளாகாத ஹெக்ஸ்டல் என்று ஒன்று இருக்கிறது, ஆனால் அது இறுக ஒரு வாரம் ஆகும், விலையும் கடிக்கும். பாட்டி தட்டுக்கு அவ்வளவு தேவையா என்பதை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

கேள்வி: ஒட்டிய பீங்கான் மங்கில் சோறு சாப்பிடலாமா? மைக்ரோவேவில் வைக்கலாமா?
— லிந்தாங்

பதில்: இரண்டும் வேண்டாம். சூடு பட்டால் எப்பாக்ஸி இளகும், கோட்டுக்குள் குழம்பு புகுந்தால் கழுவியும் போகாது. வாழைப்பழம், முறுக்கு மாதிரி காய்ந்த சாமான் வைத்துக்கொள்ளுங்கள். தங்கக் கோடு போட்ட பீங்கான் உடையாமல் இருந்தாலும் மைக்ரோவேவுக்கு ஆகாது, பொறி பறக்கும்.

கேள்வி: கறுப்பு லாபு சாயோங்கின் (சுரைக்காய் வடிவத் தண்ணீர்க் கூஜா) கழுத்து உடைந்துவிட்டது. அரல்டைட் போட்டு ஒட்டினேன், தண்ணீர் ஊற்றினால் கசிகிறது. பசை சரியில்லையா?
— கோல கங்சார்

பதில்: சாயோங் உங்கள் ஊரில்தானே அண்ணே இருக்கிறது, நீங்களே இப்படிக் கேட்கலாமா! லாபு கசியத்தான் வேண்டும். மெருகு பூசாத மண் அது, சுவரில் ஊறி வெளியே வரும் ஈரம் காற்றில் ஆவியாகும்போதுதான் உள்ளே இருக்கும் தண்ணீர் குளிர்கிறது. கறுப்பும் சாயம் இல்லை, சுட்ட சூட்டோடு உமியில் புதைத்து எடுப்பதால் ஏறும் புகை. ஆக, சுவரெல்லாம் கசிகிறதென்றால் அது அதன் குணம். ஒட்டிய கோட்டில் மட்டும் சொட்டுகிறதென்றால் பொருத்தில் தப்பு.

பீங்கானும் மண்ணும் ஒன்றில்லை. பீங்கான் 1,300 டிகிரியை ஒட்டிய சூட்டில் வெந்து கண்ணாடி மாதிரி இறுகியது, பசையை விளிம்பிலேயே நிறுத்தி வைக்கும். மண் உறிஞ்சிக்கொள்ளும், பொருத்தில் பசையே மிஞ்சாது, பக்கத்தில் எண்ணெய்க் கறை மாதிரி ஒரு வளையம் வேறு. அருங்காட்சியகங்களில் இந்த மாதிரி மண் பாண்டங்களுக்கு பாராலாய்ட் பி-72 என்ற பிசினை அசிட்டோனில் கரைத்துப் பயன்படுத்துகிறார்கள். முதலில் நீர்க்கத் தடவி விளிம்பின் தாகத்தைத் தீர்த்துவிட்டு, காய்ந்த பிறகு கெட்டியாகத் தடவி ஒட்டுவார்கள். நாளைக்குப் பிரிக்க வேண்டுமென்றாலும் அசிட்டோனிலேயே பிரியும். இணையத்தில் டியூபாகக் கிடைக்கிறது. ஆனால் எதைப் போட்டு ஒட்டினாலும் அந்த லாபுவில் இனித் தண்ணீர் ஊற்ற வேண்டாம். அலமாரியில் வையுங்கள், தண்ணீருக்குப் புதிது வாங்குங்கள், ஆற்றைத் தாண்டினால் சாயோங்.

கேள்வி: பொங்கல் பானையில் விரிசல். முட்டை வெள்ளைக்கருவும் சுண்ணாம்பும் குழைத்துப் பூசினால் நிற்கும் என்று மாமியார் சொல்கிறார். அடுத்த வருடத்துக்கு வைத்துக்கொள்ளலாமா?

பதில்: மாமியார் சொல்வது பழைய கைவைத்தியம், நிஜமாகவே இறுகும். ஆனால் அடுப்பில் ஏறி, கொதித்து, பொங்கி வழிகிற பானைக்கு அது தாங்காது. எந்தப் பசையும் தாங்காது. விரிசல் விட்ட பானையில் பொங்கல் வைக்க அவரே சம்மதிக்க மாட்டார், கேட்டுப் பாருங்கள். கோலசிலாங்கூர் கம்போங் குவாந்தானில் நம் ஆட்கள் இன்னும் பானை வனைகிறார்கள். பழையதில் துளசி நடலாம்.

கேள்வி: தாத்தா விட்டுப்போன சீனக் கிண்ணத்தில் உடைந்த இடத்தைச் சின்னச் சின்னக் கம்பியால் தைத்திருக்கிறது. அசிங்கமாக இருக்கிறது. கம்பியைப் பிடுங்கிவிட்டு, இப்போது எல்லாரும் செய்கிறார்களே, ஜப்பான்காரர்களின் தங்கக் கோடு, அதைப் போடலாமா?
— ஒரு கல்லூரி மாணவி

பதில்: பிடுங்காதே அம்மா! அந்தக் கம்பியைப் போட்டவன் கையை நினைத்துப் பார். சுவர் முழுக்கத் துளைக்காமல் பாதி ஆழம் மட்டும் இரண்டு பக்கமும் துளையிட்டு, கம்பியின் இழுவையிலேயே துண்டுகளை இறுக்கி வைத்திருக்கிறான், பசையே இல்லாமல். சீனாவில் தெருத்தெருவாக வந்து இந்த வேலை செய்தவர்கள் இருந்தார்கள். தோக்கியோ தேசிய அருங்காட்சியகத்தில் பச்சை மெருகுக் கிண்ணம் ஒன்று இருக்கிறது, 13-ஆம் நூற்றாண்டுச் சீனச் சரக்கு. 15-ஆம் நூற்றாண்டில் அஷிகாகா யோஷிமாசா என்ற ஜப்பானிய ஷோகுன் (படைத்தலைவராக நாட்டை ஆண்டவர்), விரிசல் விட்ட அதைச் சீனாவுக்கு அனுப்பி இதே மாதிரி வேறொன்று கேட்டாராம். இப்படி ஒன்று இனி இங்கேயே கிடையாது என்று கம்பி போட்டுத் திருப்பி அனுப்பிவிட்டார்களாம். கதைதான், ஆனால் கிண்ணமும் கம்பியும் இன்றைக்கும் இருக்கின்றன.

தங்கக் கோடு, அதாவது கின்சுகி, தங்கத்தால் ஒட்டுவது இல்லை. ஒட்டுவது உருஷி என்ற மரப்பால், தங்கத்தூள் மேலே தூவுவது. அந்த மரம் நம் மாமரத்துக்கும் முந்திரிக்கும் பங்காளி. ரெங்காஸ் மரத்தடியில் நின்று தடித்துப்போனவர்கள் நம் தோட்டங்களில் உண்டு, அதே குடும்பம், அதே அரிப்பு. உருஷி வெயிலில் காயாது, ஈரக்காற்றில்தான் இறுகும், அந்த வகையில் நம் ஊர் காற்றுக்கு ஜப்பான்காரர் பொறாமைப்படலாம். இணையத்தில் மலிவாக விற்கும் பெட்டிகளில் பெரும்பாலும் இருப்பது எப்பாக்ஸியும் மினுக்குத் தூளும். தப்பில்லை, விளையாட்டுக்குச் செய். ஆனால் பாசார் மாலாமில் (இரவுச் சந்தையில்) வாங்கிய கோழிப் படக் கிண்ணத்தை உடைத்துப் பழகு, தாத்தா கிண்ணத்தில் கை வைக்காதே.

கேள்வி: கித்தா (ரப்பர்) மரத்தில் கட்டியிருந்த பழைய பால் மங்கு ஒன்று, விளிம்பில் சில்லு போயிருக்கிறது. அந்தச் சில்லு கிடைக்கவில்லை.

பதில்: எப்பாக்ஸி புட்டியை உருட்டி, உள்ளே ஒரு டேப் துண்டை அணை மாதிரி வைத்துக்கொண்டு அடையுங்கள். கொஞ்சம் மேடாகவே விட்டு, இறுகியதும் தண்ணீரில் தேய்க்கும் உப்புத்தாளை நனைத்துத் தேயுங்கள். முகமூடி போடுங்கள், அந்தத் தூள் நெஞ்சுக்கு நல்லதல்ல. மேலே அக்ரிலிக் வர்ணம். ஆனால் நானாக இருந்தால் சும்மா விட்டுவிடுவேன். சின்ன வயதில் நாங்கள் உடைந்த மங்கை மரத்துப் பாலாலேயே ஒட்டிப் பார்த்திருக்கிறோம். காய்ந்ததும் துண்டு ரப்பர் மாதிரி இழுபட்டு ஆடும், பால் ஊற்றினால் தொப்பென்று விழும், கங்காணி பார்ப்பதற்குள் புதைத்துவிடுவோம்.

கேள்வி: நேரில் கொண்டுவந்தால் நீங்களே ஒட்டித் தருவீர்களா? எத்தனை வெள்ளி?

பதில்: மாட்டேன். என் வீட்டம்மாவின் மீன் தட்டு மூன்று வருடமாக வரிசையில் நிற்கிறது. அதைத் தாண்டி உங்களுடையதை எடுத்தால் எனக்கு ராத்திரிச் சாப்பாடு கிடைக்காது.