நவீனத்துவத்தின் டெலிபோன் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த நவீனத்துவ நாவல்களை வாசித்து வருகிறேன். டெலிபோன், கார், விமானம் என்று உலகமே மாறிக்கொண்டிருந்தபோது எழுதியவர்கள் இவர்கள். ஆனால் கதைகளில் அவை ஓரமாக வந்துபோகின்றன. மனிதர்கள் தங்கள் மனதுக்குள்ளேயே உழல்கிறார்கள். தொழில்நுட்பத்தை நேருக்குநேர் சந்தித்தது அறிவியல் புனைகதை மட்டும்தானா?

ர.

அன்புள்ள ர.,

பிரெஞ்சு எழுத்தாளர் மார்செல் புரூஸ்தின் 'இழந்த காலத்தைத் தேடி' என்ற பெருநாவலில், 1920இல் வெளிவரத் தொடங்கிய மூன்றாம் பகுதியில் ஒரு காட்சி. வெளியூரிலிருக்கும் கதைசொல்லி பாரிஸிலுள்ள பாட்டியுடன் டெலிபோனில் பேசுகிறான். பிறந்ததிலிருந்து கேட்ட குரல்தான். ஆனால் முகமில்லாமல் கேட்டதில்லை. குரல் மட்டும் தனியாக வரும்போதுதான் அதில் எவ்வளவு துயரம் படிந்திருக்கிறது என்று தெரிகிறது. இணைப்பு அறுந்துவிடுகிறது. செத்தவளைக் கூப்பிடுவதுபோலக் கருவியிடம் "பாட்டி, பாட்டி" என்கிறான்.

பதறிக்கொண்டு வீடு திரும்புகிறான். அவன் வந்ததை அறியாமல் பாட்டி வாசித்துக்கொண்டிருக்கிறாள். அந்தக் கணத்தில் அவன் கண் காமிராவாகிவிடுகிறது. பாசம் குறுக்கே வருவதற்குள் அவன் பார்த்துவிடுவது, தனக்குத் தெரியாத, நோயுற்ற ஒரு கிழவியை.

இதில் எது ஓரம்? குரலையும் முகத்தையும் பிரித்தது டெலிபோன். அன்பு கலக்காத பார்வை எப்படியிருக்கும் என்று காட்டிக்கொடுத்தது காமிரா. நீங்கள் சொல்லும் அந்த மனதுக்குள்ளேயே கருவிகள் குடியேறிவிட்டன.

ஆங்கில எழுத்தாளர் வர்ஜீனியா வுல்ஃபின் 'மிஸஸ் டாலோவே' நாவலில் (1925) ஒரு விமானம் வானத்தில் புகையால் விளம்பரம் எழுதுகிறது. அண்ணாந்து பார்க்கும் ஆளுக்கொரு வாசிப்பு. போரில் மனம் சிதைந்த செப்டிமஸ், அது தனக்கான சமிக்ஞை என்று கண்ணீர் விடுகிறான். கதை ஒரு மனதிலிருந்து இன்னொன்றுக்குத் தாவ விமானமே வழி. முந்தைய நாவல்களில், எல்லாமறிந்த கதைசொல்லி பார்த்த வேலை இது.

ஜெர்மன் மொழியில் எழுதிய காஃப்கா, பிராக் நகரில் தொழிலாளர் விபத்துக் காப்பீட்டு அலுவலகத்தில் 1908 முதல் வேலை பார்த்தவர். மரம் இழைக்கும் இயந்திரம் விரல்களை என்ன செய்யும் என்று அறிக்கை எழுதியவர். 1914இல் எழுதிய தண்டனைத் தீவுக் கதையில் ஓர் அதிகாரி கொலைக்கருவியைப் பாகம் பாகமாக விளக்குகிறார். எனக்குக் கருவியைவிட அந்த நிதானம்தான் பயங்கரம்.

ஒன்றில் உங்கள் குறை நியாயமானது. இயந்திரத்தின் முன் நின்று உழைத்தவர்கள் இந்த நாவல்களில் குறைவு. டெலிபோன் நிலையத்தில் இணைப்புக் கொடுக்கும் பெண்களை புரூஸ்த் கிரேக்கப் புராணத் தேவதைகளாக்கி அழகு பார்க்கிறார். அவர்கள் சம்பளத்துக்கு வேலை செய்கிறவர்கள் என்பது அவர் கண்ணில் படவில்லை.