கோத்தகிரியில 50 சென்ட் வாங்கிட்டா தப்பிச்சுக்கலாமா?

கேள்வி: ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம். கடல் ஏறுது, வெயில் ஏறுது, இன்னும் அம்பது வருஷத்துல சென்னையில மனுஷன் இருக்க முடியாதுன்னு படிக்கறேன், ராத்திரி தூக்கமே வரல. கோத்தகிரி பக்கம் 50 சென்ட் பாத்து வெச்சிருக்கேன். சுத்தி சோலார் வேலி, அஞ்சு வருஷத்துக்கு அரிசி பருப்பு ஸ்டாக், ஒரு போர்வெல், பெரிய கேட். என் குடும்பம் தப்பிச்சுருமா? (சினிமால வர்ற மாதிரி ராட்சச ஜந்து வந்தா என்ன பண்றதுன்னு கேக்கச் சொல்றான் பையன், எட்டாவது படிக்கறான்.) நேரா பதில் சொல்லுங்க.
– வேளச்சேரி வாசகர்

பதில்: தப்பிக்காது. நேரா கேட்டீங்க, சொல்லிட்டேன், இனி மேல படிக்கறதும் பக்கத்தைத் திருப்பறதும் உங்க இஷ்டம்.

உங்க கணக்குல பாதி சரிங்க, அதை மறைக்கல. ஆயிரம் மீட்டர் ஏறினா சுமாரா ஆறு டிகிரி குறையும், ஊட்டி 2,240 மீட்டர்ல இருக்கு, சென்னை வேகற அன்னைக்கும் நாங்க இங்க ஸ்வெட்டர் போட்டுட்டு டீ குடிச்சிட்டிருப்போம். வெயில்ல ஆளு சாகறது வெறும் சூட்டால மட்டும் இல்ல, வேர்வை காயாததாலயும்தான், காத்துல ஈரம் நெறைஞ்சு போச்சுன்னா வேர்வை உடம்பு மேலயே நிக்கும், உள்ள இருக்கற சூடு வெளிய போக வழி இருக்காது, ஈரத்துணி சுத்தின தெர்மாமீட்டர் 35 டிகிரி காட்டிச்சுன்னா திடகாத்திரமான ஆளு நிழல்ல சும்மா உக்காந்திருந்தாக்கூட சில மணி நேரத்துல போயிருவான், வயசானவங்களுக்கு அதுக்கு ரொம்ப முன்னாடியே ஆபத்து. கடலோர ஊர்க்காரர் இதுக்கு பயப்படறதுல தப்பே இல்ல. ஆனா கடல் நீங்க நெனைக்கற மாதிரி ஒரே ராத்திரியில வராது. ஐபிசிசி, அதான் ஐ.நா.வோட பருவநிலை விஞ்ஞானிகள் குழு, 2021-ல சொன்ன கணக்குப்படி 2100-க்குள்ள சுமார் 30 செ.மீ.ல இருந்து ஒரு மீட்டர் வரைக்கும் ஏறலாம், நாம கக்கற புகையைப் பொறுத்து.

சூட்டுக்கு பயந்து மலையேறறது ஒண்ணும் புது ஐடியா இல்ல. கோயமுத்தூர் கலெக்டர் சல்லிவன் 1819-லயே ஏறி வந்தாச்சு, அவரோட பங்களா நீங்க இடம் பாத்திருக்கற அதே கோத்தகிரியில கன்னேரிமுக்குல இன்னும் நிக்குது. அப்புறம் மெட்ராஸ் கவர்ன்மென்ட்டே கோடை வந்தா ஃபைல் கட்டோட ஊட்டிக்கு வந்துட்டிருந்துச்சு. அவங்களுக்கு கீழ இருந்து அரிசியும் கோழியும் சுமந்துட்டு வர ஆளு இருந்தாங்க சார். உங்களுக்கு யாரு இருக்கா?

இந்த மலையில விளையறது என்ன? தேயிலை, கேரட், பீட்ரூட், கோஸ், கிழங்கு. தேயிலையை தின்ன முடியாது. அரிசி, பருப்பு, எண்ணெய், கேஸ், மாத்திரை எல்லாம் மேட்டுப்பாளையத்துல இருந்து லாரி ஏறி வரணும், குஞ்சப்பனை பக்கம் ராத்திரி மண்ணு சரிஞ்சா காலையில எங்க கடையில தக்காளி விலை வேற. கீழ நாடே கவுந்து போன அன்னைக்கு மேல மட்டும் கடை திறந்திருக்கும்னு யாரு சொன்னா உங்களுக்கு? அஞ்சு வருஷ அரிசியாம். ஜூன் ஜூலை மூடுபனியில இங்க பீரோவுக்குள்ள இருக்கற துணியே பூஞ்சை பிடிக்குது, மூட்டை அரிசி ரெண்டாவது மழையைத் தாண்டாது. போர்வெல்லும் மெட்ராஸ் மாதிரி நெனச்ச இடத்துல போட விடமாட்டாங்க.

மழைன்னதும் ஞாபகம் வருது. உங்க வேளச்சேரி முழுகின 2015 டிசம்பர்ல, தாம்பரத்துல ஒரே நாள்ல பெஞ்சது 49 செ.மீ. 2019 ஆகஸ்ட் 8-ம் தேதி இங்க அவலாஞ்சியில ஒரே நாள்ல பெஞ்சது 82 செ.மீ. சூடு ஒரு டிகிரி ஏறினா காத்து சுமார் 7 சதவீதம் ஈரம் கூட புடிச்சு வெச்சுக்கும், அது மலையில முட்டி மேல ஏறும்போது மொத்தமா கொட்டிடும், அதனால உலகம் சூடாக சூடாக மலைக்காரனுக்கு குளிர் குறையறது மட்டும் கதை இல்ல, கால் கீழ இருக்கற மண்ணே போகும். 2009 நவம்பர்ல இந்த நீலகிரி மாவட்டத்துல மண்சரிவுல நாப்பது பேருக்கு மேல செத்தாங்க. 2024 ஜூலை 30 விடியக்காலையில முண்டக்கை, சூரல்மலைன்னு ரெண்டு ஊரும் மண்சரிவுல போச்சே, அந்த கேரள வயநாடு எங்க பந்தலூருக்கு அடுத்த மாவட்டம்தான். சரிவை நேரா வெட்டி, ஓடையை மூடி, மேல காட்டேஜ் கட்டி, வாசல்ல பெரிய கேட்டும் வெச்சா, மண்ணு கேட்டைத் திறக்கச் சொல்லி கேக்காது. குளிரும் நிரந்தரம்னு நெனைச்சுக்காதீங்க, 2024 ஏப்ரல் கடைசியில ஊட்டியிலயே 29 டிகிரி அடிச்சுது.

தம்பிக்கு தனியா ஒரு பதில். தம்பி, ராட்சசன் வர்றதுக்கு முன்னாடி கரடி வரும்டா. உங்கப்பா ஸ்டாக் வெச்சிருக்கற எண்ணெய் வாசமும் வெல்ல வாசமும் புடிச்சா கதவை ஒடைச்சுட்டு உள்ள வரும், எங்க ஊர்ல கோயில் விளக்குல ஊத்தின எண்ணெயையே விட்டு வெக்கறதில்ல. காட்டுமாடு தேயிலைத் தோட்டத்துல பசு மாதிரி மேயுது, வேலியை அது ஒரு பொருட்டாவே எடுத்துக்காது. நெஜ ராட்சசன் வேணும்னா செடியா இருக்கு. அழகுக்குன்னு எவனோ தோட்டத்துல வெச்ச உண்ணிச்செடி இன்னைக்கு முதுமலை காட்டுக்குள்ள புல்லை அமுக்கிட்டு நிக்குது, மான் அதை தின்னாது. மேல, விறகுக்கும் தோல் பதனிடற பட்டைக்கும் வெச்ச கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) வாட்டில் மரமும் புல்வெளியை முழுங்கிருச்சு. அந்தப் புல்வெளியும் சோலையும்தான் மழையைக் குடிச்சு வெச்சுட்டு கோடையில கொஞ்சம் கொஞ்சமா ஓடைக்கு விடும். வானத்துல இருந்து எதுவும் குதிக்கல, எல்லாம் ஆளு கையால நட்டது.

அப்ப யாருதான் பொழைப்பாங்கன்னு கேப்பீங்க. இந்த மலையில ரோடும் லாரியும் வர்றதுக்கு முன்னாடி பல நூறு வருஷம் ஆளுங்க பொழைச்சிருக்காங்க சார், வேலி போட்டு இல்ல. தோடர், படுகர், கோத்தர், குறும்பர்னு நாலு சமூகம். தோடர்கிட்ட எருமை, நெய். படுகர்கிட்ட சாமை, ராகி. கோத்தர் அரிவாளும் மண்வெட்டியும் அடிப்பாங்க, பானை செய்வாங்க, சாவுக்கு வந்து மேளம் வாசிப்பாங்க. குறும்பர் தேன், மூங்கில் கூடை, பச்சிலை மருந்து. ஒருத்தர்கிட்ட இருக்கறது இன்னொருத்தர்கிட்ட இல்ல, நாலு பேரும் கொடுத்து வாங்கினாத்தான் நாலு வீட்லயும் அடுப்பு எரியும். ரொம்ப இனிப்பா நினைச்சுக்கவும் வேண்டாம். மாடு சாகும், நோய் வரும், அப்ப குறும்பர்தான் சூனியம் வெச்சுட்டாங்கன்னு சொல்லி குடும்பம் குடும்பமா கொன்னதும் 19-ம் நூற்றாண்டுல பதிவாகியிருக்கு. தேன் கொண்டு வந்து குடுத்த ஆளையே கஷ்ட காலத்துல ராட்சசன் ஆக்கிட்டாங்க. உங்க பெரிய கேட்டைப் படிச்சதும் எனக்கு இதுதான் தோணுச்சு. அஞ்சு வருஷ அரிசியோட ஒருத்தர் வேலிக்குள்ள உக்காந்திருக்காரு, வெளிய பசியோட ஒரு ஊரே நிக்குது, அந்த ஊருக்கு ராட்சசன் யாருங்க?

2015-ல உங்க தெருவுல யாரு யாரைக் காப்பாத்தினாங்கன்னு கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. மாடி வீட்டுக்காரர் கீழ் வீட்டுக்காரரை மேல ஏத்திக்கிட்டாரு, மீனவங்க போட்டை லாரியில ஏத்திட்டு வந்து தெருத்தெருவா போனாங்க. அன்னைக்கு எந்த சோலார் வேலியும் யாரையும் தூக்கிட்டு வரல. அந்தத் தண்ணி வேளச்சேரிக்கு வந்ததுக்கு ஒரு காரணம், அது போய் நிக்க வேண்டிய பள்ளிக்கரணை சதுப்பு நிலம் சுமார் பத்துல ஒரு பங்கா சுருங்கிப் போனது. இந்த 50 சென்ட் காசை கையிலயே வெச்சுட்டு, நீங்க பயந்து தூங்காம இருக்கற ராத்திரியில பாதியை அந்த சதுப்பு நிலத்தைக் காப்பாத்த அலையறதுல செலவு பண்ணினா, உங்க பையன் சென்னையிலயே இருக்கலாம். நாங்களும் நாலு நாள் லீவுக்கு அங்க கடல் பாக்க வருவோம்.

இதுக்கு மேலயும் இடம் வாங்கியே தீருவேன், அட்வான்ஸ் குடுத்தாச்சுன்னா, பத்திரத்தைப் பாக்கறதுக்கு முன்னாடி பக்கத்து ஹட்டிக்கு (படுகர் ஊருக்கு) போய் வயசான அம்மா யாராவது இருந்தா, அந்த மண்ணுல ஓடை எந்தப் பக்கமா போச்சுன்னு கேளுங்க. புரோக்கர்கிட்ட கேக்காதீங்க.