வெட்டுக்காயப் பூண்டில் செய்த களிம்பு ஏன் சீக்கிரமே பூஞ்சை பிடிக்கிறது?

பச்சை இலையை மிக்ஸியில் அரைத்துப் பிழிந்து, அந்தச் சாற்றை உருக்கிய தேன்மெழுகிலும் தேங்காய் எண்ணெயிலும் கலந்து வைத்தீர்களாம், ஒரு வாரத்தில் மேலே வெள்ளையாகப் படர்ந்துவிட்டதாம், இலையில் கோளாறா என்று கேட்டிருக்கிறீர்கள். இலை என்ன செய்யும் பாவம். தண்ணீர்தான் காரணம். எண்ணெயும் மெழுகும் மட்டும் இருந்தால் பூஞ்சை பிடிக்க அதில் ஒன்றுமில்லை, நாளாக ஆகச் சிக்கு வாடை வேண்டுமானால் வரும். இலைச்சாறு என்பது பெரும்பாலும் தண்ணீர், அது எண்ணெயோடு சேராமல் துளித்துளியாக உள்ளேயே தங்கிவிடும், கூடவே இலைத் துணுக்கும் இருந்தால் கேட்கவே வேண்டாம்.

ஏதோ வீடியோ பார்த்துத்தான் செய்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். கண்ணைப் பறிக்கும் பச்சையில் ஒரு டப்பாவைக் காட்டி முடித்துவிடுவார்கள், அதே டப்பாவை அடுத்த மாதம் திறந்து காட்டச் சொல்லுங்கள் பார்ப்போம். இந்தப் பச்சை விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் வயிற்றெரிச்சல் உண்டு. என் நாத்தனாருக்குக் கொடுத்த களிம்பு மங்கிய ஆலிவ் நிறத்தில் இருந்ததால், "மூலிகையே போடவில்லை போலிருக்கிறதே அண்ணி" என்று நாலு பேர் முன்னால் சொன்னாள். அவள் வாங்கி வைத்திருந்தது கிளிப்பச்சை. வெறும் இலை சூட்டைப் பார்த்த எண்ணெயில் அந்த நிறத்தில் நிற்காது, நிறமி சேர்த்திருப்பார்கள் என்றேன். அவள் நம்பவில்லை. போகட்டும்.

எனக்குக் கற்றுக்கொடுத்தது பெரியம்மா. அவர் பச்சை இலையைத்தான் அரைத்துப் போடுவார், ஆனால் எண்ணெயில் இட்டு நீர் முழுக்க வற்றும்வரை அடுப்பை விட்டு நகரமாட்டார். அளவெல்லாம் கேட்டால் பதில் வராது, "சத்தத்தைக் கேளு" என்பார். முதலில் சளசளவென்று நுரைத்துப் பொங்கும், அப்புறம் அது சடசடப்பாகும், பிறகு ஒவ்வொன்றாகக் குமிழி அடங்கும். அப்போது கரண்டி நுனியில் கொஞ்சம் கசடை எடுத்து விரலில் உருட்டுவார். சேறு மாதிரி ஒட்டினால் ஆகவில்லை, மெழுகு போலத் திரண்டு வந்தால் ஏறக்குறைய ஆயிற்று, மணல் மணலாக உதிரத் தொடங்கும்போது இறக்கிவிடுவார். எனக்கு அதிலும் சந்தேகம் தீராது. வடிகட்டிய எண்ணெயில் ஒரு பஞ்சுத் திரியை நனைத்துக் கொளுத்திப் பார்ப்பேன், படபடவென்று பொரிந்தால் இன்னும் நீர் இருக்கிறது என்று அர்த்தம், மறுபடி அடுப்புக்குப் போகும்.

முதல் தடவை செய்கிறவர்களுக்கு அது வேண்டாம், எண்ணெய் பொங்கி அடுப்பில் வழிந்தால் தீப்பிடித்துவிடும். இலையை நிழலில் உலர்த்துங்கள், கசக்கினால் நொறுங்க வேண்டும், காம்பு வளைந்தால்கூடக் காயவில்லை. இரண்டு கைப்பிடி இலைக்கு 200 மில்லி எண்ணெய் ஊற்றி, கொதிநீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்து இரண்டு மூன்று மணி நேரம் மெல்லிய சூட்டில் விடுங்கள், உள் பாத்திரத்தில் ஆவி சொட்டக் கூடாது. துணியில் வடிகட்டி 30 கிராம் தேன்மெழுகு சேர்த்தால் மிருதுவாக வரும், கெட்டியாக வேண்டுமென்றால் 40. ஊற்றும் முன் ஒரு ஸ்பூனில் தொட்டுக் குளிர வைத்துப் பாருங்கள், இளகலாக இருந்தால் மெழுகும் கெட்டியாக இருந்தால் எண்ணெயும் கொஞ்சம் சேர்த்துக்கொள்ளலாம்.

செடி அதுதானா என்றும் பாருங்கள், சிலர் இதை மூக்குத்திப் பூண்டு, தாத்தா பூ என்பார்கள். தரையோடு படர்ந்த சொரசொரப்பான, ஓரம் பல் பல்லாக இருக்கும் இலை, அதிலிருந்து தனியாக உயர்ந்த நீளக் காம்பு, உச்சியில் ஒற்றைப் பூ. நடு மஞ்சள், சுற்றிலும் வெளிறிய சில இதழ்கள், ஒவ்வொன்றின் நுனியும் மூன்றாகப் பிளந்திருக்கும். களைக்கொல்லி அடிக்கிற இடத்தில் பறிக்காதீர்கள்.

புட்டி உலர்ந்திருக்க வேண்டும், கழுவிய ஈரம் ஒரு சொட்டு இருந்தாலும் பட்ட பாடு வீண். புட்டி என்றதும் ஞாபகம் வருகிறது, களிம்பு கேட்டு வாங்கிப் போகிற ஒருத்தராவது காலிப் புட்டியைத் திருப்பிக் கொடுப்பதுண்டா? தீர்ந்துபோச்சு என்று மட்டும் போன் வரும். அகல வாயும் இறுக்கமான மூடியும் உள்ள கண்ணாடிப் புட்டியைச் சேர்த்து வைக்கிறவளுக்குத்தான் அதன் அருமை தெரியும். ஒரு வீட்டில் என் புட்டியில் ஹேர்பின் போட்டு வைத்திருந்ததைக் கண்ணால் பார்த்தேன், வாயைத் திறக்கவில்லை.

சரி, "ஆதாரம் எங்கே, இது மருத்துவமா" என்று கேட்கப் போகிறவர்களுக்கும் சொல்லிவிடுகிறேன். இந்த இலை காயத்தை ஆற்றுவதைப் பற்றி எலிகளில் ஆய்வுகள் நடந்திருக்கின்றன, அதை வைத்து மனிதக் காயத்துக்கு நான் உத்தரவாதம் கொடுக்கவில்லை. சிராய்ப்பு காய்ந்து தோல் இழுக்கிற சமயத்திலும் குதிகால் வெடிப்புக்கும் தடவுகிறோம், அவ்வளவுதான். ஆழமான வெட்டு, ஆணி குத்தியது என்றால் மருத்துவரிடம் போய் டெட்டனஸ் ஊசி வேண்டுமா என்று கேளுங்கள். தீக்காயத்துக்கு முதலில் 20 நிமிடம் குழாய்த் தண்ணீர், களிம்பு கிடையாது. நாய்க்கடியில் இதைத் தடவலாமா என்றுகூட என்னிடம் கேட்டிருக்கிறார்கள், சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு உடனே தடுப்பூசிக்கு ஓட வேண்டிய விஷயம் அது. இது சூரியகாந்திக் குடும்பத்துச் செடி, சிலருக்கு ஒவ்வாது, அதனால் முன்கையில் கொஞ்சம் தடவி ஒரு நாள் பார்த்த பிறகே மற்ற இடத்தில் போடுங்கள்.

பூஞ்சை பிடித்ததை மேலாகச் சுரண்டிவிட்டு மிச்சத்தைப் பயன்படுத்தலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். வேண்டாம், மொத்தமாகக் கொட்டிவிடுங்கள். புட்டியை வெந்நீரில் கொதிக்கவைத்து வெயிலில் காய வையுங்கள்.