ராத்திரி 10.30-க்குப் பிறகு யாரிடம் பேசுவது?

கேள்வி: வயது 24. பொருட்காட்சியில் ராட்சத ராட்டினம் ஓட்டுகிறேன். ஊர் ஊராகச் சுற்றி ஒன்றரை வருஷம் ஆகிறது. எதிரே ஆயிரம் பேர், பேச ஒருத்தர் இல்லை. கூட வேலை பார்ப்பவர்கள் எல்லாரும் பீகார்க்காரர்கள். ராத்திரி அம்மாவுக்கு போன் போட்டால் சண்டையில்தான் முடிகிறது. வேலையை விட்டுவிடலாமா?
- பெயர் வேண்டாம், தேனி மாவட்டம்

பதில்: தம்பி, முதலில் அந்த ராத்திரி போனை நிறுத்துங்கள். ஜெனரேட்டர் நின்ற பிறகுதான் உங்களுக்கு மூச்சு விட நேரம். அம்மாவுக்கோ அது முதல் தூக்கம் கலையும் நேரம். காலையில் கிரீஸ் வைத்து, போல்ட் முடுக்கிப் பார்த்த பிறகு, 11 மணி வாக்கில் பேசுங்கள். வாரத்தில் 2 நாள், கிழமையைச் சொல்லிவைத்துவிட்டு. தினமும் பேசினால் 'சாப்பிட்டியா'வோடு பேச்சு தீர்ந்துவிடும். போனுக்கு சார்ஜ் முந்தின ராத்திரி ஆட்டம் ஓடும்போதே போட்டு வைக்க வேண்டும்.

இந்தி தெரியாதே என்று தயங்காதீர்கள், அடுப்படியில் ஆரம்பியுங்கள். வாரத்தில் ஒரு நாள் சமைக்கும் பொறுப்பைக் கேட்டு வாங்குங்கள். 8 பேருக்கு 400 கிராம் துவரம்பருப்பு போதும். சாம்பாரில் புளியைக் குறையுங்கள், அவர்கள் நாக்குக்கு அது புதுசு. முதல் தடவை பாதி மிஞ்சும். மனசு விட வேண்டாம். நாலாவது வாரம் வெங்காயம் உரிக்க ஒருவராவது பக்கத்தில் வந்து உட்காருவார்.

சென்னை தீவுத்திடல் போல இரண்டு மாதத்துக்கு மேல் நிற்கும் ஊரில், ஒரே டீக்கடைக்கு ஒரே நேரத்துக்குப் போங்கள். மூன்று நாள் கோயில் திருவிழாவில் அதெல்லாம் நடக்காது. கிடைத்த நேரத்தில் தூங்குங்கள். வீட்டாரை வரச் சொல்வதானால் செவ்வாய், புதன். ஞாயிற்றுக்கிழமை வந்தால் உங்கள் முதுகைத்தான் பார்த்துவிட்டுப் போவார்கள்.

வேலையை விடுவதா என்பதை ஐப்பசி, கார்த்திகை மழையில் ஊருக்குப் போய் முடிவு செய்யுங்கள். லீவை இப்போதே சொல்லிவையுங்கள். ராட்டினத்தைப் பிரித்து லாரி ஏற்றும் வாரத்தில் கேட்டால் எந்த முதலாளியும் விடமாட்டார். முன்பணம் பாக்கி இருந்தால் அதற்குள் கழித்துவிடுங்கள். (கடனைக் காட்டி ஆளைப் பிடித்துவைப்பது 1976-ஆம் வருஷக் கொத்தடிமை ஒழிப்புச் சட்டப்படி குற்றம். அதுவும் தெரிந்திருக்கட்டும்.)

ஒன்றை மட்டும் மழைக்காலம் வரை தள்ளிப்போடக் கூடாது. சரியாகத் தூங்கி இரண்டு வாரம் ஆகிறது, தொட்டிக் கதவில் கொண்டி மாட்டினோமா என்று திரும்பத் திரும்பச் சந்தேகம் வருகிறது என்றால், அன்று ராட்டினத்தை ஓட்டாதீர்கள். டிக்கெட் கிழிக்கும் வேலைக்கு மாறிக்கொள்ளுங்கள். மத்திய அரசின் மனநல உதவி போன் சேவையான டெலி மானஸ் எண் 14416. இலவசம், தமிழிலேயே பேசலாம். 10.30-க்குப் பிறகும் எடுப்பார்கள்.