இன்னும் உச்ச நீதிமன்றம் இருக்கிறது

அன்புள்ள ஐயா,

ஜப்பானியத் திரைக்கதையாசிரியர் ஹஷிமோட்டோ ஷினோபு எழுதிய ‘நடுப்பகல் இருட்டு’ (1956) பார்த்தேன். அதற்கு மூலமான உண்மைக் கொலை வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே குற்றவாளிகள் பக்கம் சாய்ந்து எழுதியது சரியா? தீர்ப்பு வரும்வரை பொறுத்திருக்கலாமே? அவருடைய நீதிமன்றப் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

ச.

அன்புள்ள ச.,

இரண்டு வாரமாக இந்தப் படம்தான் மனதில் ஓடுகிறது, அதனால்தான் உடனே எழுதுகிறேன். வரிசை ஒரு விஷயமே இல்லை. மேலதிகாரி உத்தரவுக்குப் பணிந்த ஒரு நாவிதர் போர்க்குற்றவாளியாகத் தூக்கில் ஏறும் ‘நான் சிப்பியாக வேண்டும்’ (1958, தொலைக்காட்சி நாடகம்) கிடைத்தால் பாருங்கள், போதும்.

‘குற்றவாளிகள்’ என்று எப்படி எழுதினீர்கள்? குற்றம் சாட்டப்பட்டவர்கள் என்று எழுதக் கை வரவில்லையா? படம் பார்த்த பிறகுமா?

பொறுத்திருக்கலாமே என்கிறீர்கள். சரி, கணக்குப் பார்ப்போம். 1951 ஜனவரியில் யமகுச்சியில் ஒரு வயதான தம்பதி கொலையாகிறார்கள். பிடிபட்டவன் உடந்தை என்று இன்னும் நான்கு பேரைக் கைகாட்டுகிறான். அந்த நால்வரில் ஒருவருக்குத் தூக்குத் தண்டனை. 1957இல் உச்ச நீதிமன்றம் வழக்கைத் திருப்பி அனுப்புகிறது. 1959இல் நால்வரும் விடுதலை. 1962இல் அந்த விடுதலை ரத்து. 1965இல் அதே ஒருவருக்கு மறுபடியும் தூக்குத் தண்டனை. 1968 அக்டோபரில்தான் நால்வரும் நிரபராதிகள் என்று முடிகிறது. ஹஷிமோட்டோ பன்னிரண்டு வருஷம் பேனாவை மூடி வைத்திருக்க வேண்டுமா? அதற்குள் தூக்கில் போட்டிருந்தால்?

என் அப்பா மேல் ஒரு பொய்க் கேஸ் இருந்தது. வாய்தா நாளில் அம்மா விடியற்காலையிலேயே எழுந்து புளிச்சோறு கட்டுவாள். கோர்ட் வராந்தாவில் அப்பா பெயரைக் கூப்பிடும்போது அவள் கை தூக்குவாளியின் பிடியை இறுக்கும், விரல் வெளுத்துப்போகும். படத்தின் கடைசியில் மகனைப் பார்த்துவிட்டுத் திரும்பும் தாயின் முதுகைப் பார்த்து அவன் கத்துகிறானே, “அம்மா, இன்னும் உச்ச நீதிமன்றம் இருக்கிறது!” என்று, அங்கே எனக்கு அந்த விரல்கள்தான் தெரிந்தன. அதற்கு மேல் பார்க்க முடியவில்லை.

அப்பாவுக்கு ஒன்பதாவது வருஷம் விடுதலை ஆனது. அதற்குள் தெருவில் பாதி வீடுகள் எங்களோடு பேச்சை விட்டிருந்தன. நல்ல மனிதர்கள்தான் தம்பி, தீர்ப்பு வரட்டும் என்று பொறுத்திருந்தார்கள்.